கொற்கை

கொற்கை என்பது தமிழ்நாட்டின் தூத்துக்குடி மாவட்டத்தில், தாமிரபரணி ஆற்றுக்கு வடக்கே அமைந்துள்ள ஒரு சிற்றூர் ஆகும். திருச்செந்தூருக்கு வடக்கே, அங்கிருந்து தூத்துக்குடி செல்லும் கடற்கரைச் சாலைக்குச் சற்று மேற்கே இவ்வூர் உள்ளது. சங்க காலத்தில் இது பாண்டியரின் துறைமுகமாகவும், முத்துக்குளிப்பின் நடுவமாகவும், அவர்கள் இருந்து ஆண்ட நகரங்களுள் ஒன்றாகவும் விளங்கியது.

இன்று கடல் இவ்வூரிலிருந்து ஏறத்தாழ 6 கிலோமீட்டர் கிழக்கே உள்ளது. ஆறும் ஏறத்தாழ 3 கிலோமீட்டர் தெற்கே விலகி ஓடுகின்றது. நெல்வயல்களுக்கும் வாழைத் தோட்டங்களுக்கும் நடுவே, ஒரு பெரிய குளத்தை ஒட்டி அமைந்த இவ்வூரைப் பார்ப்பவர்கள், இங்கே ஒரு காலத்தில் கப்பல்கள் நின்றன என்பதை எளிதில் நம்பமாட்டார்கள்.

இலக்கியச் சான்றுகள்

மதுரைக்காஞ்சி, சிறுபாணாற்றுப்படை, நற்றிணை, ஐங்குறுநூறு, அகநானூறு ஆகிய சங்க நூல்களில் கொற்கை இடம்பெறுகின்றது. பெரும்பாலும் முத்தோடு சேர்த்தே பேசப்படுகின்றது. அலைகள் கரையில் ஒதுக்கிய முத்துக்கள் குதிரைகளின் நடைக்கு இடையூறாகும் அளவுக்குக் கிடந்தன என்கின்றது ஒரு அகநானூற்றுப் பாடல். இது புலவரின் மிகைக் கூற்று என்பதில் ஐயமில்லை. வலம்புரிச் சங்குக்காக மூழ்கிய பரதவர் கரை திரும்பும்போது ஊர் ஆரவாரத்துடன் எதிர்கொள்வதை அதே நூலின் மற்றொரு பாடல் காட்டுகின்றது. கடலுக்குள் மூழ்கும் தொழிலின் ஆபத்தையும் ஊர் அதை எவ்வாறு பார்த்தது என்பதையும் அறிய இப்பாடலே கூடுதல் பயனுடையது.

கொற்கையைச் சூழ்ந்த நாட்டுக்கு மாறோக்கம் என்று பெயர். சங்கப் புலவர் மாறோக்கத்து நப்பசலையாரின் பெயரில் இது நிலைத்துள்ளது.

சிலப்பதிகாரத்தில் கொற்கைக்கு அரசியல் முதன்மை உண்டு. மதுரையில் பாண்டியன் நெடுஞ்செழியன் உயிர்நீத்தபோது, வெற்றிவேற்செழியன் என்ற பாண்டியன் கொற்கையில் இருந்தான். அவன் கண்ணகிக்காகப் பொற்கொல்லர் ஆயிரவரைப் பலியிட்டு விழா எடுத்தான் என அந்நூல் கூறுகின்றது. கொற்கைக் குளத்தில் உள்ள வெற்றிவேலம்மன் கோயிலைக் கண்ணகியோடு தொடர்புபடுத்தும் வழக்கு இங்கு உள்ளது.

கொற்கை தலைநகரமா?

கொற்கையே பாண்டியரின் முதல் தலைநகரம், மதுரை அதற்குப் பிற்பட்டது என்ற கருத்து பல நூல்களில் காணப்படுகின்றது. இதற்கு அடிப்படையாக உள்ளவற்றுள் ஒன்று செவிவழிக் கதை. சேரன், சோழன், பாண்டியன் ஆகிய மூவரும் உடன்பிறந்தோர் எனவும், கொற்கையில் ஒன்றாக வாழ்ந்து பின்னர் பிரிந்தனர் எனவும் அக்கதை கூறும். அருகிலுள்ள முக்காணி என்னும் ஊரின் பெயர், மூவருக்கும் உரிய மூன்று காணிகளைக் குறிப்பதாக மக்கள் விளக்கம் தருவர்.

வெளிநாட்டார் குறிப்புகள் வேறு நிலையைக் காட்டுகின்றன. கி.பி. முதலாம் நூற்றாண்டைச் சேர்ந்த எரித்திரேயக் கடல் பெரிப்ளசு என்னும் கிரேக்க நூல், கொற்கையை 'கொல்கோய்' என அழைக்கின்றது. அங்கே முத்துக்குளிப்பு தண்டனை பெற்ற குற்றவாளிகளைக் கொண்டு நடத்தப்பட்டது என்றும், அவ்விடம் பாண்டிய நாட்டுக்கு உரியது என்றும் அது குறிப்பிடுகின்றது. பரதவரின் மகிழ்ச்சியைப் பாடும் அகநானூற்றையும் இக்குறிப்பையும் அடுத்தடுத்து வைத்துப் படிப்பது நல்லது. இரண்டாம் நூற்றாண்டில் எழுதிய தொலமி கொற்கையை வணிகத் துறைமுகம் என்கின்றார். பாண்டியரின் அரசிருக்கையாக அவர் குறிப்பது மதுரையை. எனவே கிறித்து ஆண்டின் தொடக்க நூற்றாண்டுகளில் மதுரையே தலைநகர் எனவும், கொற்கை அரச குடியினர் தங்கி ஆண்ட இரண்டாம் தலைநகர் எனவும் கொள்வது சான்றுகளுக்குப் பொருந்துகின்றது. சிலப்பதிகாரச் செய்தியும் இதற்கு முரணாக இல்லை. அதற்கு முந்தைய காலத்தில் கொற்கையே தலைநகராக இருந்திருக்கலாம் என்பது இன்னும் மெய்ப்பிக்கப்படாத கருத்தாகும்.

அகழாய்வுகள்

இடையன்குடியில் வாழ்ந்த இராபர்ட் கால்டுவெல் 1870களில் கொற்கையிலும் பழையகாயலிலும் ஆய்வு செய்தார். கொற்கையில் நிலத்தைத் தோண்டியபோது கடற்சிப்பிகளும் சங்குகளும் கிடைத்தன, தாழிகளும் கிடைத்தன. அருகிலுள்ள அக்கசாலை என்ற இடத்தின் பெயரையும் அவர் கவனித்தார். அக்கசாலை என்பது நாணயம் அடிக்கும் இடம். அரசுக்குரிய நாணயச் சாலை இருந்த ஊர் வெறும் மீன்பிடித் துறையாக இருந்திருக்க முடியாது. இங்குள்ள அக்கசாலை ஈசுவரமுடையார் கோயிலின் கல்வெட்டுகளில் ஊரின் பெயர் மதுரோதயநல்லூர் எனக் காணப்படுகின்றது.

தமிழ்நாடு அரசு தொல்லியல் துறை 1968-69 ஆம் ஆண்டுகளில் இங்கு முதல் முறையான அகழாய்வை நடத்தியது. செங்கற் கட்டுமானம், சுடுமண் உறைகள், தமிழ்ப் பிராமி எழுத்துக்கள் பொறித்த பானை ஓடுகள் ஆகியன கிடைத்தன. கரித்துண்டு ஒன்றின் கதிரியக்கக் கரிமக் கணிப்பு ஏறத்தாழ கி.மு. 785 என்ற காலத்தைத் தந்தது. இவ்வெண் இன்றும் பரவலாக எடுத்தாளப்படுகின்றது. ஆயினும் அது ஒரு மாதிரிக்கு உரிய காலம். அக்காலத்தில் மக்கள் அங்கே வாழ்ந்தனர் என்பதற்குச் சான்றாகலாமே தவிர, அப்போதே அது நகரமாக இருந்தது என்பதற்குச் சான்றாகாது.

2021 இல் ஆதிச்சநல்லூர், சிவகளை ஆகிய இடங்களுடன் கொற்கையிலும் அகழாய்வு மீண்டும் நடைபெற்றது. சிவகளைத் தாழி ஒன்றில் கிடைத்த நெல் உமியின் காலம் கி.மு. 1155 எனக் கணிக்கப்பட்டதாக அதே ஆண்டு செப்டம்பரில் தமிழக சட்டமன்றத்தில் அறிவிக்கப்பட்டது. கொற்கை தனியாக முளைத்த ஊர் அன்று; ஆற்றின் வழியே உள்நாட்டில் நெடுங்காலமாக நிலைபெற்றிருந்த ஊர்களின் கடல்வாயில் அது என்பதை இக்கண்டுபிடிப்புகள் உணர்த்துகின்றன.

துறைமுகம் தூர்ந்த விதம்

கொற்கையைப் போர் அழித்ததாகவோ கடல் கொண்டதாகவோ செய்தி இல்லை. புகாரைக் கடல் கொண்டது என்பர். கொற்கையிலோ கடல் விலகிச் சென்றது. அதற்குக் காரணம் ஆறே ஆகும்.

பொதிகை மலையில் தோன்றி ஏறத்தாழ 125 கிலோமீட்டர் ஓடும் தாமிரபரணி, இரு பருவமழைகளாலும் நீர் பெறுவது. வெள்ளக் காலங்களில் அது கொண்டுவரும் வண்டல், வேகம் குறையும் கழிமுகத்தில் படிகின்றது. மன்னார் வளைகுடாவின் இப்பகுதி ஆழம் குறைந்தது என்பதால் படிந்த வண்டல் விரைவில் திட்டாகி, பின்னர் நிலமாகின்றது. ஆறு புதிய நிலத்தின் குறுக்கே வேறு வழி தேடிக்கொள்கின்றது. உள்நாட்டுப் பொருட்களைத் துறைக்குக் கொண்டுவந்த அதே ஆறுதான் துறையையும் மூடியது. ஆசியா மைனரில் இருந்த எபேசு துறைமுகமும் இவ்வாறே ஆற்று வண்டலால் தூர்ந்தது.

கழிமுகம் நகர நகரத் துறைமுகமும் அதன்பின் நகர்ந்தது. கொற்கைக்குக் கிழக்கே காயல் தோன்றியது. 13 ஆம் நூற்றாண்டின் இறுதியில் வந்த மார்க்கோ போலோ, ஓர்முசு, ஏடன் முதலிய இடங்களிலிருந்து குதிரைகளுடன் கப்பல்கள் இங்கு வந்ததைக் குறிப்பிடுகின்றார். அவர் கண்ட காயல் இன்றைய பழையகாயல் என்பது கால்டுவெல்லின் முடிவு. காயல்பட்டினமே அது என்பாரும் உளர். பழையகாயலில் சீன, அரபு மட்பாண்டத் துண்டுகள் கிடைத்தன. அதனையும் கடல் விட்டு விலகியது. 16 ஆம் நூற்றாண்டில் போர்த்துக்கீசியர் ஆற்றின் முகத்துவாரத்திலுள்ள புன்னைக்காயலில் இருந்தனர். அதன் பின்னர் முதன்மை பெற்றது, ஆற்றுக் கழிமுகத்திலிருந்து விலகி வடக்கே உள்ள தூத்துக்குடி. அங்கும் கடல் ஆழமற்றதே. பெரிய கப்பல்கள் தொலைவில் நங்கூரமிட, தோணிகளே சரக்கை ஏற்றி இறக்கின. அலைதடுப்புச் சுவர்களுடன் கட்டப்பட்ட புதிய துறைமுகம் 1974 இல் இந்தியாவின் பெருந்துறைமுகங்களுள் ஒன்றாக அறிவிக்கப்பட்டது.

இங்கே திருச்செந்தூரை ஒப்பிட்டுப் பார்க்கலாம். திருமுருகாற்றுப்படை அதனை அலைவாய் என்றே அழைக்கின்றது. கழிமுகத்துக்குத் தெற்கே, பாறைக் கரையில் உள்ளமையால் அவ்வூர் இன்றும் அலைவாயாகவே உள்ளது. ஒரே கடற்கரையின் இரு பழைய ஊர்களுள் ஒன்று மட்டும் உள்நாட்டு ஊரானமைக்கு ஆற்றின் அண்மையே வேறுபாடு.

இன்றைய நிலை

முத்துக்குளிப்பு தூத்துக்குடியை நடுவமாகக் கொண்டு நெடுங்காலம் தொடர்ந்தது. 1961 க்குப் பின் நடைபெறவில்லை. ஜோ டி குருஸ் 2009 இல் எழுதிய 'கொற்கை' என்ற புதினத்தின் களமும் தூத்துக்குடியே. இந்நூல் 2013 ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதமி விருதைப் பெற்றது.

ஆற்றின் வலிமை பழங்கதை ஆகிவிடவில்லை. 2023 டிசம்பர் 17, 18 நாட்களில் காயல்பட்டினத்தில் 24 மணி நேரத்தில் ஏறத்தாழ 95 சென்டிமீட்டர் மழை பதிவானது. தாமிரபரணியின் கீழ்ப்பகுதி முழுவதும் வெள்ளத்தில் மூழ்கியது.

கொற்கையில் பழைய நகரின் மீதே இன்றைய வீடுகளும் விளைநிலங்களும் உள்ளன. இதனால் இதுவரை தோண்டப்பட்ட குழிகள் ஊரின் மிகச் சிறிய பகுதியையே தொட்டுள்ளன. கப்பல் துறை எந்த இடத்தில் இருந்தது என்பது இன்னும் அடையாளம் காணப்படவில்லை. கடலுக்கடியிலும் ஆய்வு நடத்தும் திட்டம் 2021 இல் அறிவிக்கப்பட்டது. ஆனால் கழிமுகம் நகர்ந்த வரலாற்றைக் கொண்டு பார்த்தால், அத்துறையை ஊரைச் சுற்றியுள்ள வயல்களுக்கு அடியில் தேடுவதற்கே காரணம் மிகுதி.