இரண்டு முறை போடும் கறிவேப்பிலை

ரசம் வைக்கும்போது கறிவேப்பிலையை இரண்டு முறை போடும் பழக்கம் பல வீடுகளில் உண்டு. புளித்தண்ணீரும் தக்காளியும் கொதிக்கையில் ஒரு கொத்து. பச்சை வாசனை போய், பருப்புத்தண்ணீர் விளாவி, நுரைத்து வந்ததும் இறக்கிய பிறகு, நெய்யில் கடுகோடு பொரித்து இன்னொரு கொத்து. இரண்டும் ஒரே மரத்து இலைதான். முதல் கொத்து தன் சாரத்தைக் கொடுத்துவிட்டுத் துவண்டு கிடக்கும். இரண்டாவது, உள்ளே இறங்கிய அந்த வாசத்தை மேலே எழுப்பிக் காட்டும். இரண்டு கொத்தையும் ஒரே நேரத்தில் போட்டுவிட்டால் அந்த மணம் வராது.

ஆர்மீனிய ஆவணப்பட இயக்குநர் அர்த்தவஸ்த் பெலெஷ்யானின் படத்தொகுப்பு இயங்குவதும் இப்படித்தான். 1938இல் லெனினாகனில் (இன்றைய கியும்ரி) பிறந்தவர். மாஸ்கோவில் சினிமா படித்தவர். சோவியத் சினிமாவில் ஐசன்ஸ்டைன் காட்டிய வழி ஒன்று இருந்தது: இரண்டு ஷாட்டுகளைப் பக்கத்தில் பக்கத்தில் ஒட்டினால், அவை மோதிப் புதிய அர்த்தம் பிறக்கும். பெலெஷ்யான் இதைத் திருப்பிப் போட்டார். ஒன்றோடொன்று பேச வேண்டிய ஷாட்டுகளைப் பிரித்து, நடுவில் படத்தின் பெரும்பகுதியையே கொதிக்க விட்டார். இந்த முறைக்குத் ‘தொலைவு மாண்டேஜ்’ என்று பெயர்.

‘நாம்’ (1969) படத்தின் தொடக்கத்தில் ஒரு சிறுமியின் முகம் வருகிறது. யார், ஏன் பார்க்கிறாள் என்று யாரும் சொல்வதில்லை. பின்னணிக் குரல் கிடையாது, பேட்டி கிடையாது. இனம் புரியாத ஒரு கலக்கம் மட்டும் நமக்குள் இறங்குகிறது. பிறகு மலைகள், வெடித்துச் சிதறும் பாறைகள், இறுதி ஊர்வலத்தில் கடலாய் நகரும் கூட்டம், உழைக்கும் கைகள். நடுப்பகுதியில் அதே முகம், வாத்தியக் குழுவின் ஓங்கிய முழக்கத்தோடு திரும்பி வருகிறது. ஷாட் மாறவில்லை, பார்க்கிற நாம்தான் மாறியிருக்கிறோம். இவ்வளவையும் பார்த்தபின் அந்தக் கண்களில் ஒரு மக்கள் கூட்டத்தின் துக்கமே தெரிகிறது.

மூன்றாவது வரவுதான் எனக்குப் பெரிய வியப்பு. புலம்பெயர்ந்த ஆர்மீனியர்கள் தாயகம் திரும்பும் காட்சிகளுக்குப் பின் அதே முழக்கம் கேட்கிறது, சிறுமியைக் காணோம். அவள் இருக்க வேண்டிய இடத்தில், மாடி முகப்புகளில் நின்று நம்மைப் பார்க்கும் மனிதர்கள். இலையைப் போடாமலே அதன் வாசம் வருகிறது. ஒலியை அவர் படத்துக்குத் துணையாக வைக்கவில்லை. படம் விட்ட இடத்தை ஒலி நிரப்பும். ஒலி விட்ட இடத்தைப் படம் நிரப்பும்.

இந்தச் சமையலில் பக்குவம் முழுவதும் இடைவெளியில் இருக்கிறது. சீக்கிரம் திரும்பினால் அது வெறும் பல்லவி. ரொம்பத் தள்ளிப்போனால் பார்ப்பவருக்கு முதல் ஷாட் மறந்துவிடும். அவருடைய முக்கியமான படங்கள் பல அரைமணிக்குள் முடிவதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

‘பருவங்கள்’ (1975) படத்தில் மேய்ப்பர்கள் ஆடுகளை மார்போடு அணைத்தபடி பனிச்சரிவில் சறுக்கி இறங்குகிறார்கள். மலைச்சரிவில் வைக்கோல் போர்களோடு மனிதர்கள் ஓடி வருகிறார்கள். ஆறு ஆட்டையும் மனிதனையும் சேர்த்து இழுக்கிறது. விவால்டியின் இசை ஒலிக்கிறது. பனிச்சறுக்கலை மட்டும் வெட்டி எடுத்துக் கைப்பேசியில் பார்த்தால் அது ஒரு சாகசம். முழுப் படத்தில் வைத்துப் பார்க்கும்போதுதான், ஆட்டை விடாத அந்தக் கைகள் வாழ்நாள் முழுக்கச் செய்யும் வேலை அது என்று புரிகிறது.

அதனால் பெலெஷ்யானை முதன்முறை பார்ப்பவர்களுக்கு ஒன்று சொல்வேன். ‘நாம்’ படத்திலிருந்து தொடங்குங்கள். நடுவில் நிறுத்தாதீர்கள், வேகமாக ஓட்டிப் பார்க்காதீர்கள், ஒலியைக் குறைக்காதீர்கள். சிறுமியின் முகம் முதலில் வரும்போது அர்த்தம் தேடவும் வேண்டாம். அப்போது அது புளித்தண்ணீரில் விழுந்த கொத்துதான்.