எறிந்த பந்தும் இறைவன் வகுத்த அளவும்

மாடியின் விளிம்பில் இருவர் நிற்பதாக எண்ணிக்கொள்ளுங்கள். ஒருவர் தம் கையிலுள்ள பந்தை வெறுமனே நழுவ விடுகிறார். அதே கணத்தில், அதே உயரத்திலிருந்து, மற்றவர் தம் பந்தைக் கிடைமட்டமாக வீசி எறிகிறார். எது முதலில் தரையைத் தொடும்? நழுவவிட்டதே என்றுதான் நம்மில் பெரும்பாலோர் விடை பகர்வோம். காற்றின் தடையை நீக்கிப் பார்த்தால், இரண்டும் ஒருசேரவே தரையைத் தொடும்!

புவியீர்ப்பு கீழ்நோக்கியே இழுக்கிறது. முன்னோக்கிய ஓட்டத்தை அது கூட்டுவதுமில்லை, குறைப்பதுமில்லை. நொடிக்கு 10 மீட்டர் வேகத்தில் எறிந்த பந்து ஒவ்வொரு நொடியும் அதே 10 மீட்டர் முன்னேறும். போதிய உயரமிருப்பின், அதன் வீழ்ச்சியோ முதல் நொடியின் முடிவில் 4.9 மீட்டர், இரண்டாவதன் முடிவில் 19.6, மூன்றாவதன் முடிவில் 44.1 என, 1, 4, 9 என்னும் விகிதத்தில் பெருகும். படைத்தோன் வகுத்த இவ்விரு அளவுகளும் இணைவதால் பந்தின் பாதை வளைகிறது.

கையை விட்டகன்ற பந்தை முன்னே செலுத்துவது யாது? சூழ்ந்துள்ள காற்றே என்றார் அரிஸ்டாட்டில். 6ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவின் பிலோபோனஸ் அதை மறுத்தார். பின்வந்த பேரறிஞர் இப்னு சீனா (980–1037) தமது 'கிதாபுஷ் ஷிஃபா'வில், எறிபவர் பொருளுக்கு 'மைல்' ஒன்றை அளிக்கிறார் என்றும், தடைகளே அதைத் தேய்க்கின்றன என்றும், வெற்றிடத்தில் அது ஓயாது என்றும் விளக்கினார். (தூரத்தை அளக்கும் மைல் அன்று இது, அரபியில் சாய்வு, நாட்டம் என்பது பொருள்.) 12ஆம் நூற்றாண்டில் பக்தாதின் அபுல் பரக்காத், விழும் பொருளில் மேன்மேலும் மைல் சேர்வதாலேயே அதன் விரைவு கூடுகிறது என்றார்.

இவற்றைக் கொண்டு, இயக்கவியல் முழுவதையும் முஸ்லிம்களே கண்டு முடித்துவிட்டனர் என மேடைகளில் முழங்குவோர் உளர். வானை உயர்த்தித் துலாக்கோலை அமைத்ததைக் கூறும் 'அர்ரஹ்மான்' அத்தியாயம், உடனேயே நிறுவையில் குறை செய்வதையும் தடுக்கிறது. பிறர் உழைப்பை நிறுக்கும்போது மட்டும் அத்தடை நீங்கிவிடுமா? ஓயாது ஓடும் பொருள் எதையும் காணாமையால் வெற்றிடமே இல்லை என வாதிட்டவர்தாம் இப்னு சீனா. சாய்பலகையில் பந்துகளை உருட்டி அளந்து, அந்த 1, 4, 9 கணக்கையும் வளைகோட்டின் வடிவத்தையும் 1638இல் நூலாக வெளியிட்டவர் இத்தாலி நாட்டுக் கலிலியோ.