கணிப்பொறியின் நூலகம்

நூலகம் என்றவுடன் ஏடுகள் நிறைந்த அடுக்குகளே நினைவிற்கு வரும். கணிப்பொறிக்கும் நூலகம் உண்டு. ஆனால், அங்கு இருப்பவை கற்றற்குரிய நூல்கள் அல்ல. பொறி நிறைவேற்றுதற்குரிய கட்டளைத் தொகுதிகள்.

1949-ஆம் ஆண்டு மே மாதம் 6-ஆம் நாள், இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக் கழகத்தில் 'எட்சாக்' என்னும் கணிப்பொறி முதன்முதலாகக் கணக்கிட்டது. அதனை அமைத்த குழுவின் தலைவர் மாரிஸ் வில்க்ஸ் என்பவர். வர்க்கமூலம் காணல் போன்ற கணக்குகள் அங்குப் பலர்க்கும் அடிக்கடி வேண்டப்பட்டன. ஒவ்வொருவரும் அவற்றிற்குரிய கட்டளைகளைப் புதிதாக எழுதின் காலம் வீணாகும், பிழையும் பெருகும். ஆதலின், ஒரு முறை எழுதிச் சோதித்த கட்டளைகளைத் தாள் நாடாக்களில் துளையிட்டுப் பதித்து, பேழையில் அடுக்கி வைத்தனர். வேண்டுவோர் அவற்றைப் படியெடுத்துத் தம் நிரலில் சேர்த்துக்கொண்டனர். நிரலிலிருந்து அத்துணைநிரலுக்குச் சென்று, பணி முடிந்ததும் விட்ட இடத்திற்கே மீளும் வழியை டேவிட் வீலர் என்னும் அறிஞர் வகுத்தார்.

இன்று அந்நாடாக்களின் இடத்தைக் கோப்புகள் பெற்றுள்ளன. தரவுத்தளத்தின் விரைவை அளந்து சீர்செய்யும் கருவிகளும், தரவுத்தளத்துடன் தொடர்புகொள்ளும் பணியை நூலகக் கோப்புகளிடமே ஒப்படைக்கின்றன. ஒரே கோப்பு பல நிரல்களுக்குப் பொதுவாதலும் உண்டு.

ஊர்ப் பொதுக்கிணற்று நீர் தூயதாயின் அனைவர்க்கும் நலம். கெடின் அனைவர்க்கும் கேடு. 'ஓப்பன் எஸ்.எஸ்.எல்.' என்னும் நூலகத்தில் இருந்த பிழையொன்று 2014-ஆம் ஆண்டு ஏப்ரலில் வெளிப்பட்டது. வந்த செய்தியின் நீளத்தைச் சரிபாராமையே அப்பிழை. அச்சிறு குறையால், உலகெங்கும் எண்ணற்ற இணையதளங்களின் மறைபொருள்கள் பிறர் கைப்படும் நிலை உண்டாயிற்று.

பலர்க்கும் பயன்படுவதைப் பலரும் காத்தல் வேண்டும். நூலகத்திற்கும் இது பொருந்தும்.