சிறை வாசலில் ஈகொன் ஒல்சன்

எண்பதுகளின் கடைசியில் டென்மார்க் வந்த எனக்கு, டேனிஷ் மொழி பிடிபட முன்னரே ஒரு டேனிஷ்காரரைப் பிடித்துப்போனது. கறுப்புத் தொப்பி, வாயில் சுருட்டு: ஈகொன் ஒல்சன். முகாம் தொலைக்காட்சியில் அவர் படம் போனால், ஒரு சொல்லும் விளங்காமலே எல்லோரும் சிரிப்போம்.

அந்த வேடத்தில் நடித்தவர் ஓவே ஸ்புரோவே. 1919இல் ஓடென்ஸ நகரில் பிறந்தவர். போருக்குப் பிந்திய டேனிஷ் சினிமாவில் 100க்கு மேற்பட்ட படங்களில் நடித்தாலும், 1968 முதல் 1998 வரை வந்த ‘ஒல்சன் கும்பல்’ படங்கள் 14உம்தான் அவரை வீட்டுக்கு வீடு கொண்டுபோயின. சிறையிலிருந்து புதுத் திட்டத்தோடு வருவார். கடைசியில் பிடிபட்டு உள்ளே போவார். 1976இல் வந்த படத்தில், கொப்பன்ஹேகன் அரச அரங்கில் மேடையில் வாத்தியம் முழங்க, அந்தத் தாளத்துக்கே கும்பல் சுவர் சுவராக உடைத்துப் போகும். இன்று பார்த்தாலும் வயிறு நோகும்!

கிழக்கு ஜெர்மனியில் இவை ஜெர்மன் குரலில் ஓடின. அங்குள்ளவர்கள் தங்கள் சொந்தப் படம்போலவே கொண்டாடினார்கள். பெரிய ஆட்களிடம் தோற்றுக்கொண்டேயிருக்கும் சின்ன மனுசனை அவர்களுக்கு விளங்கப்படுத்தவா வேணும்?

எனக்கு நெருடுவது அந்த வாசல். ஈகொன் வெளியே வரும் விரிஸ்லூசலில சிறையில்தான், 2016இல் புகலிடம் மறுக்கப்பட்டவர்களைத் தடுத்து வைத்தார்கள். ஈகொனுக்கென்றால் வெளியே இரண்டு கூட்டாளிகள் காத்து நிற்பார்கள்.

ஸ்புரோவே 2004இல் காலமானார். போன நத்தாருக்கு மகன் பழைய படமொன்றைப் போட்டான். கதவு திறக்கிற இடத்தில் அவன் சிரிச்சான். எனக்குச் சிரிப்பு வரேல்லை.