பெயர் மக்களுடையது, ஆணை யாருடையது? தேர் எஸ்ஸோர் இராணுவக் கவுன்சிலின் வரலாறு

ஒரு பகுதியின் பெயரைத் தாங்கியிருப்பதாலேயே ஓர் அமைப்பு அப்பகுதி மக்களுக்கு உரியதாகிவிடுமா? சிரிய உள்நாட்டுப் போரில் உருவான தேர் எஸ்ஸோர் இராணுவக் கவுன்சிலின் வரலாறு எழுப்பும் கேள்வி இதுவே.

சிரியாவின் கிழக்கே, யூப்ரடீஸ் ஆற்றின் இருகரைகளிலும் பரந்துள்ளது தேர் எஸ்ஸோர் மாகாணம். இங்கு வாழ்வோரில் மிகப் பெரும்பாலோர் அரபுக் குலங்களைச் சேர்ந்தவர்கள். 2014இல் ஐ.எஸ். அமைப்பு இம்மாகாணத்தின் பெரும்பகுதியைக் கைப்பற்றியது. எதிர்த்து எழுந்த ஷைதாத் குலத்தினரை அவ்வாண்டு ஆகஸ்டில் அது கொன்று குவித்தது. சுமார் 700 பேர் கொல்லப்பட்டதாகச் சிரிய மனித உரிமைக் கண்காணிப்பகம் கூறியது.

இப்பின்னணியில் 2016 டிசம்பரில் கவுன்சில் நிறுவப்பட்டது. ஷைதாத் குலத்தினர் பலர் அதில் இணைந்தனர். அபு கவ்லா என்று அறியப்பட்ட அகமது அல்கபில் அதன் தளபதியானார். ஆயினும் அது தனித்து இயங்கவில்லை. 2015 அக்டோபரில் உருவான சிரிய ஜனநாயகப் படைகளின் ஓர் உறுப்பாகவே இயங்கியது. அப்படைகளின் முதுகெலும்பு குர்து இயக்கமான ஒய்.பி.ஜி.; வான்வழி ஆதரவு அமெரிக்கக் கூட்டணியுடையது.

2017 செப்டம்பர் 9 அன்று கிழக்குக் கரையில் தாக்குதல் தொடங்கியது. அக்டோபரில் நாட்டின் மிகப்பெரிய எண்ணெய் வயலான அல்ஓமர் கைப்பற்றப்பட்டது. 2019 மார்ச் 23 அன்று ஐ.எஸ்.ஸின் கடைசி நிலப்பகுதியான பாகூஸ் வீழ்ந்தது.

வெற்றிக்குப் பின்னர் முரண்பாடு வெளிப்பட்டது. அவ்வாண்டு வசந்தத்திலேயே கிராமங்களில் போராட்டங்கள் வெடித்தன. தம் மண்ணின் எண்ணெய் வெளியேறுகையில் தமக்கு மின்சாரமும் குடிநீரும் இல்லை என்பதும், கைதுகளும் கட்டாய ஆள்சேர்ப்பும் தொடர்கின்றன என்பதும் மக்களின் குற்றச்சாட்டுகள். முக்கிய முடிவுகள் குர்துத் தலைமையிடமே உள்ளன என்ற மனக்குறையும் வலுத்தது. தளபதி மீதே ஊழல், கடத்தல் புகார்கள் இருந்தன. ஆனால் அவரை விலக்கும் அதிகாரம் மக்களிடம் இல்லை.

2023 ஆகஸ்ட் 27 அன்று ஹசகா நகருக்குக் கூட்டத்திற்கென அழைக்கப்பட்ட அபு கவ்லாவை மேல்தலைமை கைது செய்தது. சில நாள்களில் பதவியிலிருந்தும் நீக்கியது. அவருடைய ஆதரவாளர்கள் தொடங்கிய மோதல் விரைவில் குலங்களின் கிளர்ச்சியாக விரிந்தது. ஆற்றுக்கு அப்பாலிருந்து ஊடுருவியோரின் சதி என்றது தலைமை. அரபு மக்களுக்கு உண்மையான நிர்வாக உரிமை வேண்டும் என்றனர் குலத் தலைவர்கள். செப்டம்பர் தொடக்கத்தில் திபான் சிற்றூர் மீட்கப்பட்டதும் சண்டை தணிந்தது. தவறுகள் நேர்ந்ததை ஒப்புக்கொண்ட ஜனநாயகப் படைகளின் தளபதி மஸ்லூம் அப்தி, சீரமைப்பதாக உறுதியளித்தார்.

இதைக் குர்து மக்களுக்கு எதிரான வாதமாகக் கொள்ளலாகாது. 1962ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் ஏறத்தாழ 1,20,000 குர்துகளின் குடியுரிமையைச் சிரிய அரசு பறித்தது. அத்தகைய ஒடுக்குமுறைக்கு எதிராக எழுந்த இயக்கமே, அதிகாரம் கிட்டியபோது மற்றொரு மக்களை நியமனத் தலைமை வழியாக ஆள முயன்றது என்பதில்தான் நமக்கான பாடம் உள்ளது.

1932 பூனா ஒப்பந்தத்தின் கூட்டுத் தொகுதி முறையை அம்பேத்கர் பின்னாளில் கடுமையாக விமர்சித்ததற்கான காரணம் இங்கு நினைவுகூரத்தக்கது. பிறர் வாக்கால் வெல்பவர், தம்மவருக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவராக இருப்பதில்லை என்பதே அவரது கவலை. போர்க்களமும் தேர்தல் களமும் வேறு, கேள்வி ஒன்றே. நம் பெயரால் அமர்ந்திருப்பவரை அமர்த்தியவர் யார், அகற்ற வல்லவர் யார்? நம் இயக்கங்கள், கூட்டணிகள், தனித்தொகுதிகள் அனைத்திடமும் இதைக் கேட்கும் உரிமை நமக்கு உண்டு.