உஷார்! எலுமிச்சை பிழிந்தால் பச்சை மீன் வெந்துவிடாது

ஞாயிற்றுக்கிழமை மீன் வாங்கப் போகும் போடிக்காரர்கள் இதைப் படித்துவிட்டுப் போங்கள். ஜப்பானிய சஷிமி பாணியில் பச்சை மீனைக் கண்ணாடி போல மெல்லிசாகச் சீவி, எலுமிச்சையும் சோயா சாஸும் ஆலிவ் எண்ணெயும் தெளித்த ஒரு தட்டு கைபேசிக் காணொளிகளில் சுற்றுகிறது. பார்க்க அழகு, அடுப்பே வேண்டாம். போடிமெட்டுப் பக்கம் விடுதி நடத்தும் நண்பர் ஒருவர், "நம்ம ஏலக்காயைப் பொடிச்சுத் தூவி டூரிஸ்டுக்கு வைக்கலாம்னு இருக்கேன்" என்றார். எனக்குப் பகீரென்றது. வைக்காதீர்கள் என்று கெஞ்சிவிட்டு வந்தேன்.

நமக்கு வரும் மீன் எப்படி வருகிறது? கடல் மீன் தூத்துக்குடி, ராமேஸ்வரம் பக்கமிருந்து ஐஸ் பெட்டியில் மலையடிவாரம் வரை பயணப்பட்டு வருகிறது. மற்றது வைகை அணை, கண்மாய் மீன்கள். கடையில் கொஞ்ச நேரம் நின்று பாருங்கள். ஒரே கட்டையில் கட்லாவின் குடலும் எடுக்கப்படும், வஞ்சிரமும் துண்டாகும். ஐஸ் உருகிய சிவப்புத் தண்ணீரில் கத்தி ஒருமுறை முங்கி எழும், அடுத்த மீன் வந்துவிடும். கடைக்காரரைக் குறை சொல்லவில்லை. அவர் குழம்புக்கும் வறுவலுக்கும் விற்கிறார், பச்சையாகத் தின்ன அல்ல.

எலுமிச்சைச் சாறு பட்டதும் சதை வெளுத்து இறுகும். வெந்தது போலத் தெரியும். புளிப்பு புரதத்தை மாற்றியிருக்கிறது, அவ்வளவுதான். அனிசாகிஸ் என்ற புழு அந்தச் சாற்றிலும் வினிகரிலும் உயிரோடு கிடக்கும்.

"ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டால்?" என்பார்கள். புழுவைக் கொல்ல மைனஸ் 20 டிகிரியில் 7 நாள் என்பது அமெரிக்க உணவுத் துறையின் கணக்கு. அடிக்கடி திறந்து மூடுகிற, கரண்ட் போய் வருகிற வீட்டு ஃப்ரீசர் அந்தக் குளிரில் ஒரு வாரம் நிற்காது. நின்றாலும் சாவது புழுதான், பாக்டீரியா பிழைத்துக்கொள்ளும்.

ஜப்பான்காரர்கள் தின்கிறார்களே என்பவர்களுக்கு: புழுவுக்குப் பயந்து, தங்கள் பக்கத்துக் கடல் சால்மனை அவர்கள் பொதுவாகப் பச்சையாகத் தொடாமல்தான் இருந்தார்கள். 1980களில் நார்வேயின் பண்ணைச் சால்மன் வந்த பின்பே அது சூஷியில் ஏறியது.

நன்னீர் மீன் இதைவிட ஆபத்து. வடகிழக்குத் தாய்லாந்தில் பச்சை ஆற்று மீன் தின்னும் பழக்கத்தால் ஈரல் புழு பரவி, பித்தக்குழாய்ப் புற்றுநோய் வரை கொண்டுபோய் விட்டிருக்கிறது. நம் சொந்தக்காரர்கள் பலர் இருக்கும் சிங்கப்பூரில் 2015இல், கஞ்சியோடு பச்சை நன்னீர் மீன் தின்ற நூற்றுக்கும் மேற்பட்டோரை ஒரு வகை ஸ்ட்ரெப்டோகாக்கஸ் கிருமி தாக்கியது. திடகாத்திரமானவர்களுக்கும் ரத்தத்தில் நஞ்சேறியது, மூளைச்சவ்வு வீங்கியது. அந்த டிசம்பரிலேயே கடைகளில் பச்சை நன்னீர் மீன் பரிமாற அரசு தடை போட்டது. அங்கே சிக்கிய மீன்களில் ஒன்றான தோமான், நம் விராலின் நெருங்கிய சொந்தம். "உயிரோடு துள்ளுது, ஃப்ரெஷ்" என்பது இங்கே காப்பாற்றாது.

சூரை, அயிலை பற்றித் தனியாக ஒரு வார்த்தை. ஐஸ் இல்லாமல் கிடந்தால் அவற்றில் ஹிஸ்டமின் ஊறும். உறைய வைத்தாலும் போகாது, கொதிக்க வைத்தாலும் போகாது. தின்ற சற்று நேரத்தில் முகம் சிவக்கும், உடம்பு தடிக்கும், படபடக்கும். ஐஸ் மூடாத சூரையைக் குழம்புக்குக்கூட வாங்காதீர்கள்.

லேசான தட்டுதான் வேண்டுமா? வஞ்சிரத்தை வாழையிலையில் மடித்து, சதை வெளுத்து இதழ் இதழாகப் பிரியும் வரை ஆவியில் வேகவிடுங்கள். ஆறியதும் குளிர வைத்து, எலுமிச்சை, இஞ்சி, பச்சை மிளகாய், ஒரு சிட்டிகை ஏலம் சேர்த்துப் பரிமாறுங்கள். விருந்தாளி தட்டை வழித்துவிடுவார்.

கர்ப்பிணிகள், குழந்தைகள், வயதானவர்கள், சர்க்கரையோ ஈரல் நோயோ உள்ளவர்கள் பச்சை மீன் பக்கமே போகக் கூடாது. ஏற்கெனவே தின்றுவிட்டீர்களா? கடும் வயிற்று வலி, காய்ச்சல், கழுத்து இறுக்கம் எது வந்தாலும் காத்திருக்காமல் ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள். பச்சை மீன் தின்றதை டாக்டரிடம் முதல் வார்த்தையாகச் சொல்லுங்கள்.