வீட்டுக் குளிர்பொறியின் தொடக்கத் துணைகள்

கோடைநாள் மாலையில் குளிர்பொறியை இயக்குங்கால், கம்ப்ரஸர் சிறிது பொழுது முரன்று பின் அடங்கிவிடுதலைப் பலரும் கண்டிருப்பர். உடனே, கம்ப்ரஸர் கெட்டது, புதிது வாங்குக என்னும் தீர்ப்புப் பிறந்துவிடுகின்றது. பல்லாயிரம் ரூபாய் கேட்கும் இத்தீர்ப்பை ஏற்குமுன், சில நூறு ரூபாய் பெறும் கெபாசிட்டரைச் சோதித்தல் வேண்டும் என்பதே யாம் ஈண்டுக் கூறப்புகுவது.

வீடுகளிற் பெரும்பாலும் உள்ளது ஒற்றைப் பேஸ் மின்சாரம். அஃது ஒரே சுருளிற் பாயின், காந்தப்புலம் கூடியும் குறைந்தும் துடிக்குமேயன்றிச் சுழலாது. நின்ற மோட்டாரை அதனால் எழுப்ப இயலாது. இதுபற்றியே தொடக்கச் சுருள் என இரண்டாவதொன்றும், அதனோடு தொடராக ஒரு கெபாசிட்டரும் அமைக்கப்பட்டன. கெபாசிட்டர் அச்சுருளின் மின்னோட்டத்தை முற்படச் செய்ய, புலம் சுழல்கின்றது. இவ்வோட்டக் கெபாசிட்டர் நலிந்தால் மோட்டார் எழாது. எழாத மோட்டாரோ, ஓடுங்காலத்தினும் ஐந்தாறு மடங்கு மின்னோட்டத்தை இழுத்துச் சூடேறும்.

மின்னழுத்தக் குறைவும் இவ்விடரை விளைக்கும். 230 வோல்ட் 184 ஆக இறங்கின், ஐந்திலொரு பங்கே குறைந்தது எனக் கருதற்க. சுழற்றும் விசை அழுத்தத்தின் இருமடிப்படி மாறுதலின், எஞ்சுவது 64 விழுக்காடே. நிறுத்திய பொறியை உடனே மீண்டும் இயக்குதலும் தவறு. உள்ளிருக்கும் வாயுவின் அழுத்தம் இருபுறமும் சமனாக மூன்று நிமிடமேனும் வேண்டும்.

இனிச் சோதனை. முதற்கண் மின்தொடர்பைத் துண்டித்தல் வேண்டும். அதன் பின்னும் கெபாசிட்டரில் தங்கிய மின்னேற்றம் உயிர்க்கே ஊறு செய்யவல்லது. திருப்புளியால் இருமுனையையும் தொட்டுத் தீப்பொறி பறக்கச் செய்வாரும் உளர். அப்பழக்கத்தை யாம் சிறிதும் விரும்பிலேம். காப்பிட்ட கைப்பிடியோடு கூடிய, ஏறக்குறைய 20,000 ஓம் மின்தடையால் ஏற்றத்தை வடித்து, ஏதும் எஞ்சவில்லையென மீட்டரால் தெளிந்தபின் கம்பிகளைக் கழற்றுக. 35 மைக்ரோபாரட் எனக் குறிக்கப்பட்டது 33க்குக் கீழ் காட்டின் மாற்றற்குரியது. உப்பியதை அளக்கவும் வேண்டா. புதியது அதே மைக்ரோபாரட் அளவினதாதல் வேண்டும். வோல்ட் அளவு குறையலாகாது.

கெபாசிட்டர் நன்றாயின் கம்ப்ரஸரின் மூன்று முனைகளை நோக்குக. பொதுமுனையிலிருந்து ஏனை இரண்டிற்கும் உள்ள மின்தடைகளின் கூட்டு, அவ்விரண்டிற்கும் இடையுள்ளதற்கு ஒத்திருத்தல் வேண்டும். எம்முனைக்கும் உடலுக்கும் தொடர்பு காணின், எத்துணையாலும் பயனில்லை.

இவையெல்லாம் செவ்வனே இருந்தும் தொடக்கம் கடினமாயின், அப்பொழுதே மெக்கானிக்குகள் ஹார்டு ஸ்டார்ட் கிட் என்று வழங்கும் துணை பொருந்தும். அது பெரிய தொடக்கக் கெபாசிட்டரும் ரிலேயும் சேர்ந்தது; ஓட்டக் கெபாசிட்டருக்கு இணையாகப் பூட்டப்படுவது. மோட்டார் வேகங்கொண்டதும், ஒரு நொடிக்குள்ளாகவே, ரிலே அதனை விலக்கிவிடும். ரிலேயின் தொடுமுனைகள் ஒட்டிக்கொள்ளின் கெபாசிட்டர் வெடித்தலும் சுருள் எரிதலும் நேரும். ஆதலின் கம்ப்ரஸருக்கென வகுத்த அளவினதையே கொள்க. இன்வெர்ட்டர் வகைக் குளிர்பொறிகட்கு இத்துணை ஆகாது. அவற்றின் மோட்டாரை மின்னணுப் பலகையே மெல்லென எழுப்பும்.